உதாரணத்துக்கு என் மனைவி

என் அக்கா புருஷன், நான் அத்தான் என்று கூப்பிட்டவர், பார்ப்பதற்கு ஒரு பிடிதான் இருப்பார். குரல் மட்டும் ஆறடி. அவரை ரேடியோவில் மட்டுமே கேட்டிருந்தவர்கள் நேரில் பார்த்ததும், பின்னால் இன்னொருவர் வருகிறாரா என்று எட்டிப் பார்ப்பார்கள். எங்கள் ஊர் வானொலி நிலையத்தில் அவர் அறிவிப்பாளர். காலைச் செய்தி முடிந்ததும் ஐந்து நிமிஷம் அவருக்கென்று ஒரு நிகழ்ச்சி. தினம் ஓர் ஆங்கிலச் சொல். முதலில் பொருள், பிறகு அதை எப்படிப் பயன்படுத்துவது என்பதற்கு ஓர் உதாரணம். அவ்வளவுதான். அத்தான் போய்ப் பல வருஷம் ஆகிவிட்டது. இன்றைக்கும் எங்கேயாவது காலைச் செய்தி முடிகிற சத்தம் கேட்டால் என் காது அடுத்ததற்குக் காத்துக்கொண்டு நிற்கிறது.

எல்லாச் சொல்லையும் எடுக்க மாட்டார். வினையடைகள் மட்டும்தான். ஏன் அத்தான் என்று கேட்டால், "ஒருத்தன் என்ன செஞ்சாங்கறதை யார் வேணா சொல்லிடலாம். எப்படிச் செஞ்சாங்கறதுலதான் ஆள் தெரியும்" என்பார். தடித்த அகராதி ஒன்றை வைத்துக்கொண்டு முதல் எழுத்திலிருந்து வரிசையாக வந்துகொண்டிருந்தார். பிடித்தது, பிடிக்காதது என்று பார்க்க மாட்டார். அடுத்தது எதுவோ அதுதான் அடுத்த நாள். ஒன்றைக்கூட விட்டதில்லை என்பதில் அவருக்கு அப்படி ஒரு பெருமை.

அந்த நிகழ்ச்சியை ஊர் கேட்டது சொல்லுக்காக இல்லை, உதாரணத்துக்காக. உதாரண வாக்கியம் எப்போதும் "என் மனைவி" என்றுதான் ஆரம்பிக்கும். கேட்கும்படியாக என்று பொருள் தரும் சொல் வந்த அன்று, "என் மனைவி அடுத்த அறைக்கும் கேட்கும்படியாகக் குறட்டை விடுகிறாள்" என்றார். கவனமின்றி என்ற சொல்லுக்கு, "என் மனைவி நேற்றுக் கவனமின்றிச் சாவியைப் பூட்டிலேயே விட்டுவிட்டாள், இன்று பார்த்துக்கொள்ளட்டும்" என்றார். அவள் பஸ்ஸில் தேம்பித் தேம்பி அழுதது, குழம்பைத் தட்டுத்தடுமாறிக் கொட்டியது எல்லாம் ஊருக்குத் தெரியும். 'டியர்லி' வந்த அன்று, "என் மனைவியை நான் உயிராக நேசிக்கிறேன்" என்று கணீரென்று சொல்லிவிட்டு, மூச்சு விடாமல் அடுத்த நிகழ்ச்சியை அறிவித்துவிட்டார். அக்கா அன்று முழுக்கத் தெருவில் தலை நிமிராமல் நடந்தாள். ஆனால் வாய் காதுவரை இருந்தது.

கடையில் வாடிக்கையாளர்கள்கூட, "நீங்கதானே உதாரணம்?" என்று கேட்டுக்கொண்டு வருவார்கள். அக்காவுக்கு அந்தப் பெயரே நிலைத்துவிட்டது. அவள் வேலை பார்த்தது பெரிய ரெடிமேட் துணிக்கடையில், பெண்கள் பிரிவில்.

இப்படி ரேடியோவில் பேசிக்கொள்ள வேண்டிய அவசியமும் அவர்களுக்கு இருந்தது. அத்தானுக்குக் காலை ஷிஃப்ட், விடிவதற்கு முன்னால் கிளம்பிவிடுவார். அக்காவுக்கு மதியத்திலிருந்து கடை மூடும் வரைக்கும் வேலை. அவள் வரும்போது அவர் தூங்கியிருப்பார். நடுவில் ஒரு சந்திப்பு மட்டும் உண்டு. மதியம் பஸ் ஸ்டாப்பில் அவர் இறங்குவார், அவள் ஏறுவதற்கு நிற்பாள். சாவி கை மாறும். "மூடி வெச்சிருக்கேன், சூடு பண்ணிக்குங்க." "ம்." பஸ் வந்துவிடும். மைக்குக்கு முன்னால் அருவியாகக் கொட்டுகிற மனுஷனுக்கு நேரில் அந்த 'ம்' மட்டும்தான் வரும். நான் அப்போது பல் டாக்டர் ஒருவரின் கிளினிக்கில் டோக்கன் கொடுக்கிற வேலையில் சேர்ந்து, அவர்கள் வீட்டு முன்னறையில் தங்கியிருந்தேன். இரண்டு பேருக்கும் நடுவில் நான்தான் ஸ்பீக்கர்.

அக்காவின் உடையைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவளிடம் ஒரே வெட்டில் தைத்த மூன்று கவுன்கள் இருந்தன. கடுகு மஞ்சள் ஒன்று, செங்கல் நிறம் ஒன்று, கரும்பச்சை ஒன்று. மூன்றுக்கும் தோள்வரைக்கும் விரிந்த வெள்ளைக் காலர். நான் அதை விமானம் என்றுதான் சொல்வேன். கடையில் அவள் மற்றவர்களுக்கு எடுத்துக் கொடுப்பது அந்த மாதம் வந்த புது மோஸ்தர், ஒடுங்கின கழுத்து, காலரே கிடையாது. அவள் மட்டும் விமானத்தோடு நிற்பாள். "ஏன்கா, கடல் மாதிரி கடை, ஒண்ணு எடுத்துக்கக் கூடாதா?" என்றால், "கிழிஞ்சாத்தானே? துணி கல்லு மாதிரி இருக்கு, நான் என்ன பண்ண" என்பாள். உண்மையில் அந்தக் காலர் அவளுக்குப் பிடிக்கும். கஞ்சி போட்டு, ஓரம் ஓரமாக இஸ்திரி போடுவாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அத்தான் அகராதியைப் பிரித்து வைத்துக்கொண்டு என்னைக் கூப்பிட்டார்.

"ஏ வாயாடி, இங்க வா."

விரல் ஒரு சொல்லின் மேல் இருந்தது. டவுடிலி. நான் கேள்விப்பட்டதே இல்லை.

"என்ன அத்தான் அர்த்தம்?"

"அதான் யோசிக்கறேன். அழுக்காங்கறது இல்ல. கிழிசல் இல்ல. இல்லாமையும் இல்ல. துணி நல்ல துணியாவே இருக்கலாம், துவைச்சுத் தேய்ச்சும் இருக்கலாம். ஆனா காலம் அதைத் தாண்டிப் போயிருக்கும். போட்டிருக்கறவங்களுக்கு எடுப்பாவும் இருக்காது. பெரும்பாலும் பொம்பளைங்க உடுத்தறதைப் பத்திதான் சொல்லுவாங்க. அதுவும் முதுகுக்குப் பின்னால."

"தமிழ்ல என்ன சொல்லப் போறீங்க?"

"எடுப்பில்லாமன்னா பாதிதான் வருது. பழைய பாணியிலன்னா அதுல இருக்கற குத்தல் வரல..." என்றவர் சட்டென்று நிறுத்தினார். இரண்டு பேர் கண்ணும் ஒரே பக்கம் போனது. அக்கா ஜன்னலோரத்தில் கடுகு மஞ்சள் கவுனை விரித்துப் போட்டு, விமானத்தின் இடது இறக்கையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

"நான் ஒண்ணும் சொல்லல" என்றேன்.

"நானுந்தான்" என்றார் அத்தான்.

"விட்டுட்டு அடுத்ததுக்குப் போயிடுங்களேன்."

"பக்கத்து வீட்ல வாத்தியார் இருக்காரே."

எங்களுக்கும் அவருக்கும் ஒரே சுவர். ஓய்வு பெற்ற கணக்கு வாத்தியார். அதே அகராதியை மடியில் வைத்துக்கொண்டு, சொல் சொல்லாக டிக் அடித்துக்கொண்டே நிகழ்ச்சி கேட்பவர். ஒன்று விட்டுப்போனால் நிலையத்துக்கே போன் போட்டுவிடுவார். அத்தான் மாட்டிக்கொண்டார். குறட்டையைச் சொன்னவர் கவுனைச் சொல்ல முடியாமல் அன்று பூராவும் பேனாவைக் கடித்துக்கொண்டிருந்தார்.

அந்த நாள் வந்தது. அக்காவும் நானும் காபி டம்ளரோடு ரேடியோ முன்னால் உட்கார்ந்திருந்தோம். அத்தான் பொருள் சொன்னார், ஞாயிற்றுக்கிழமை என்னிடம் சொன்னதையே செந்தமிழில் சொன்னார். அடுத்து உதாரணம். 

"ஒரு பெண் விருந்துக்கு எடுப்பற்ற பழம்பாணி உடையில் வந்திருந்தாள்."

அக்காவின் டம்ளர் வாய்க்குப் போகாமல் நின்றது.

"யாருடி அது?"

"யாரோ ஒருத்தி."

"யாரோ ஒருத்தி இவரு வாய்க்குள்ள எப்ப வந்தா?"

சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து வாத்தியார் குரல் கொடுத்தார். "என்னம்மா, இன்னிக்கு உதாரணத்துக்கு லீவா?"

அக்கா சிரித்து வைத்தாள். ஆனால் டம்ளரில் பாதிக் காபி அப்படியே ஆறிப்போனது. அன்று கடையில் நடந்ததை ராத்திரி வந்து சொன்னாள். யாரும் கேலி செய்யவில்லையாம். அதுதான் தாங்க முடியவில்லை. ஒவ்வொருத்தரும் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, காலரைப் பார்த்துவிட்டு, மறுபடி முகத்தைப் பார்த்திருக்கிறார்கள். ஓர் அம்மாள் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க வீட்டுக்காரர் நல்லவர்மா, இன்னிக்கு உங்களைச் சொல்லல பாத்தீங்களா" என்றாளாம். மேற்பார்வை பார்க்கிறவள், "ஸ்டாஃப் தள்ளுபடி இருக்கே, புதுசா ஒண்ணு எடுத்துக்கயேன்" என்று அன்றைக்கென்று பார்த்துச் சொல்லியிருக்கிறாள்.

கண்ணாடி முன் நின்று அக்கா காலரை மடித்துப் பார்த்தாள், நிமிர்த்திப் பார்த்தாள். நான் அவளைத் தேற்ற, "உன்னைச் சொல்லிடக் கூடாதுன்னுதானேக்கா அப்படிச் சொன்னார்" என்றேன்.

"என் குறட்டையச் சொன்னார். பஸ்ல அழுததைச் சொன்னார். எல்லாரும் சிரிச்சாங்க, நானும் சிரிச்சேன். இதையும் சொல்லியிருந்தா சிரிச்சிருப்பேன்டி. இது ஒண்ணை மட்டும் மறைச்சார். எதை மறைப்பாங்க? வெக்கமா இருக்கறதைத்தானே?"

 நான் போய் அவளுக்குச் சாப்பாடு எடுத்து வைத்தேன்.

இரண்டு நாளில் புது உடை வந்தது. சாம்பல் நிறம், ஒடுங்கின கழுத்து, காலர் இல்லை. நன்றாகத்தான் இருந்தது. கடை பொம்மைக்கு இருப்பது மாதிரி இருந்தது. அதைப் போட்டுக்கொண்டு மதியம் பஸ் ஸ்டாப்பில் நின்றிருக்கிறாள். அத்தான் பஸ்ஸிலிருந்து இறங்கினார். கூட்டத்தைச் சுற்று முற்றும் பார்த்தார். பார்த்துவிட்டு அவள் பக்கமாகவே, செருப்பு உரசுகிற தூரத்தில், கண்ணை எங்கேயோ வைத்துக்கொண்டு, அவளைத் தாண்டி வீட்டுக்கு நடந்துவிட்டார். அவருக்குக் கிட்டப்பார்வை. மூக்குக்கண்ணாடியும் பழசு. அக்கா கூப்பிடவில்லை. சாவியோடு பஸ் ஏறிவிட்டாள். அன்று கிளினிக்கில் கூட்டம், மத்தியானம் நான் சாப்பிட வரவில்லை. சாயங்காலம் என்னிடமிருந்த சாவியோடு வந்தபோது அத்தான் பூட்டிய கதவுக்கு முன் படியில் உட்கார்ந்திருந்தார்.

"உங்கக்கா இன்னிக்கு வேலைக்குப் போகலையா?" என்று கேட்டாரே பார்க்கலாம். எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போல வந்தது.

மறுநாளிலிருந்து சாவி வாத்தியார் வீட்டில் இருந்தது, ரேடியோ பேசவில்லை. அக்கா அதன் மேல் ஒரு துணியைப் போர்த்தி, அதற்கு மேல் எண்ணெய் பாட்டிலை வைத்துவிட்டாள். அத்தானுக்கு இது தெரியாது. அங்கே அவர் பாட்டுக்கு வரிசையாக வந்துகொண்டிருந்தார். மறுபடியும் எல்லா வாக்கியத்திலும் "என் மனைவி" வந்தாள், முன்னைவிட இரண்டு மடங்கு பிரியமாக வந்தாள். நான் கிளினிக்குக்குப் போகிற வழியில் டீக்கடை ரேடியோவில் கேட்டுக்கொண்டே போவேன். இவ்வளவு நல்ல வார்த்தைகள் எண்ணெய் பாட்டிலுக்கு அடியில் வீணாகிறதே என்று புலம்பிக்கொண்டே டோக்கன் கொடுப்பேன்.

கடைசியில் துணிதான் காட்டிக்கொடுத்தது. கடமை தவறாமல் என்று பொருள் தரும் 'டியூட்டிஃபுலி' வந்த அன்று அத்தான், "மழை வருவதற்கு முன் என் மனைவி மொட்டைமாடித் துணிகளைக் கடமை தவறாமல் எடுத்துவிடுவாள்" என்றார். வானிலைச் செய்தியை அவர்தானே வாசிப்பார், மழை வரும் என்று அவருக்குத் தெரியும். மதியம் கொட்டித் தீர்த்தது. வீட்டுக்கு வந்தவர் நேராக மாடிக்குப் போனார். கொடி முழுக்கத் துணி, சொட்டச் சொட்ட. தன் சட்டையைப் பிழிந்துகொண்டே கீழே இறங்கி வந்தார். மத்தியானச் சாப்பாட்டுக்கு வந்திருந்த என்னிடம் கேட்டார்.

"கேக்கறதே இல்லையா?"

"அதான் துணியே சொல்லுதே."

அக்கா சொன்னதையெல்லாம் ஒன்று விடாமல் சொன்னேன். பஸ் ஸ்டாப்பில் செருப்பு உரசினதையும் சொன்னேன். அதைக் கேட்டதும் கையிலிருந்த சட்டை அப்படியே கீழே நழுவியது.

"அவதானா அது?" என்றார். "நான் அவளைக் காப்பாத்தறதாத்தான் நெனச்சேன்."

"ஒளிச்சு வெச்சுட்டீங்க அத்தான்."

அன்று ராத்திரி தூங்காமல் விழித்திருந்து அக்கா வந்ததும் ஏதோ சொல்லப் பார்த்தார். வாயைத் திறந்தார். 'ம்' தான் வந்தது. அக்கா துணி மடிப்பதை நிறுத்தவில்லை.

"இங்க நாலு சுவத்துக்குள்ள சொல்லி என்ன ஆகப் போகுது? அது நடந்தது ரேடியோல" என்றாள்.

அதற்கப்புறம் அத்தான் சரியாகச் சாப்பிடவில்லை. ஒரு பிடி ஆள் அரைப் பிடி ஆனார். கல்யாணமாகி இத்தனை வருஷம் தினம் காலையில் ஒருத்திக்காகப் பேசியவர், அவள் கேட்கவில்லை என்று தெரிந்துகொண்டே பேசுவது எப்படி இருந்திருக்கும் என்று இப்போதுதான் நினைத்துப் பார்க்கிறேன். அப்போது எனக்கு இரண்டு பேர் மேலும் கோபம்தான் வந்தது.

அக்காவின் வார விடுமுறை நாள் ஒன்று. துவைத்து மாடியில் காயப்போட்டுவிட்டு வந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நான் தலை வாரிக்கொண்டிருந்தேன். திடீரென்று சுவர் தடதடத்தது.

"ஏம்மா! உங்க வீட்டுக்காரர் வரிசை தவறிட்டாரு! பழைய சொல்லுக்குப் போயிட்டாரும்மா, கேளுங்க!" என்று கத்திய வாத்தியார், எங்களுக்கு நிரூபிப்பதற்காகத் தன் ரேடியோவை முழுசாகத் திருகிவிட்டார். அத்தானின் ஆறடிக் குரல் சுவரைத் தாண்டி வந்து நின்றது.

"...பின்னால் போவது இந்த நிகழ்ச்சியில் வழக்கமில்லை. இன்று போகிறேன். டவுடிலி. அன்று பொருளைச் சரியாகச் சொன்னேன், பயன்படுத்துவதில் தவறிவிட்டேன். யாரோ ஒரு பெண்ணை உதாரணமாகக் கொண்டுவந்தேன். அப்படி ஒரு பெண்ணை எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்தவள் என் மனைவி. ஆகவே சரியான உதாரணம்: என் மனைவி டவுடிலியாக உடுத்துவாள்."

"அடப்பாவி" என்றார் வாத்தியார், ரேடியோவுக்கு மேல்.

அக்கா கீரைக்கட்டை இறுக்கிப் பிடித்திருந்தாள்.

"காலம் தாண்டிப் போய்விட்ட கவுன், தோள்வரை ஒரு வெள்ளைக் காலர். எனக்குத் தூரத்தில் இருப்பது எதுவும் சரியாகத் தெரியாது. ஆனால் பஸ் தெருமுனை திரும்பும்போதே அந்தக் காலர் தெரிந்துவிடும். தெரிந்ததும் வீடு வந்துவிட்டது என்று எழுந்து நிற்பேன். அண்மையில் ஒரு நாள் அவள் எல்லாரையும் போல அழகாக உடுத்தி நின்றாள். நான் அவளைத் தாண்டிப் போய்விட்டேன்." தாள் புரளும் சத்தம் கேட்டது.  "இந்தச் சொல்லைப் பயன்படுத்தும்போது நேயர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். உடுத்துகிறவரைவிடப் பார்க்கிறவரைப் பற்றித்தான் இது அதிகம் சொல்கிறது. நான் பார்க்கிற இடத்திலிருந்து இது குறைவான சொல் இல்லை."

தொண்டையைச் செருமிக்கொண்டார். "இனி இன்றைய சொல். எர்னஸ்ட்லி. உளமார. உதாரணம்: மழை வரப்போகிறது, மாடித் துணிகளை எடுத்துவிடு என்று என் மனைவியை நான் உளமாரக் கேட்டுக்கொள்கிறேன்."

வாத்தியார் ரேடியோவைக் குறைத்தார். "ரெண்டு சொல்லு! வரிசை சரியாயிடுச்சு" என்றார் சமாதானமாக. 

நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். மருந்துக்குக்கூட ஒரு மேகம் இல்லை. அக்கா கீரையை அப்படியே போட்டுவிட்டு எழுந்து மாடிக்குப் போனாள். பின்னாலேயே ஓடினேன்.

"அக்கா, வெயில் மண்டையப் பொளக்குது. மழையாவது ஒண்ணாவது!"

அவள் திரும்பவே இல்லை. சொட்டிக்கொண்டிருந்த துணிகளை ஒவ்வொன்றாக உருவி என் தோளில் போட்டாள், தன் தோளில் போட்டாள். கீழே கொண்டுவந்து நாற்காலி, கதவு, ஜன்னல் கம்பி என்று கிடைத்த இடத்திலெல்லாம் விரித்தாள். வீடு பூராவும் ஈரம். கால் வைக்க இடமில்லை. கடைசியில் அலமாரியைத் திறந்து கடுகு மஞ்சளை எடுத்தாள்.

மதியம் நான் கிளினிக்கிலிருந்து சாப்பிட வந்தபோது அத்தான் எனக்கு முன்னால் படியேறிக்கொண்டிருந்தார். எங்கள் கதவைத் தாண்டி நேராக மாடிக்குப் போனார். நானும் சத்தமில்லாமல் போனேன். சுள்ளென்ற வெயிலில் கொடி காலியாக ஆடிக்கொண்டிருந்தது. அத்தான் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, மறுபடியும் பார்த்தார். கொடியைத் தொட்டுக்கூடப் பார்த்தார்.

கீழே இறங்கி வந்து வாசலில் நின்றோம். ஈரத் துணிகளுக்கு நடுவில் அக்கா விமானக் காலரோடு உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து கீரையை ஆய்ந்துகொண்டிருந்தாள். ரேடியோவின் மேல் எண்ணெய் பாட்டில் இல்லை.

அத்தானின் குரல், அத்தனை பெரிய குரல், கம்மிப்போய் வந்தது.

"மழையே வரலையே. எதுக்கு ஈரத்தோட எடுத்தே?"

அக்கா தலை நிமிரவில்லை.

"ரேடியோல சொன்னாங்க" என்றாள்.